சிறுவாணிக்கு அந்தப் பக்கம் ஒரு பாட்டு

கோயமுத்தூர்க்காரர்களிடம் உங்கள் ஊரில் என்ன விசேஷம் என்று கேட்டுப் பாருங்கள். மூன்றாவது வார்த்தைக்குள் சிறுவாணித் தண்ணீர் வந்துவிடும். சென்னையிலிருந்து ஒறம்பறை யாராவது வந்தால் போதும், காபிக்கு முன்னால் ஒரு சொம்புத் தண்ணீரைக் கையில் கொடுத்துவிட்டு அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நிற்போம். "எப்படிங்க இருக்குது?" நல்லா இருக்கு என்று அவர் வாயால் சொல்லும்வரை விடமாட்டோம். நானும் அப்படித்தான். இத்தனைக்கும் அந்தத் தண்ணீர் எந்த ஊரிலிருந்து வருகிறது, அங்கே யார் இருக்கிறார்கள் என்று ஐம்பது வயது வரைக்கும் நான் யோசித்ததே இல்லை.

அணை இருப்பது மலைக்கு அந்தப் பக்கம், கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்தில். நமக்குக் குழாயில் வருவது போக மிச்சம் ஆறாக ஓடி, அட்டப்பாடிப் பள்ளத்தாக்கில் பவானியோடு சேர்கிறது. அந்தப் பள்ளத்தாக்கில் காலங்காலமாக இருப்பவர்கள் இருளர், முடுகர், குறும்பர். இருளர் குடியிருப்புகளுக்குப் பெரும்பாலும் 'பதி' என்று பெயர் முடியும். நம் பக்கத்திலும் சிறுவாணி அடிவாரத்தில் சிங்கம்பதி இருக்கிறது. மலைக்கு அந்தப் பக்கம் நக்குப்பதி. நக்குப்பதிப் பிரிவில் இருக்கும் ஓர் அம்மாவைப் பற்றித்தான் இந்த வாரம் எழுத நினைத்தேன். எழுத உட்கார்ந்தால் என்னைப் பற்றியும் கொஞ்சம் சொல்ல வேண்டியிருக்கிறது. அது கடைசியில்.

2020 பிப்ரவரி நினைவிருக்கிறதா? கொரோனா ஊரடங்குக்குக் கொஞ்சம் முன்பு. 'அய்யப்பனும் கோஷியும்' என்றொரு மலையாளப் படம் வந்தது. பிஜு மேனோனும் பிருத்விராஜும் முட்டிக்கொள்கிற கதை. கதை நடப்பது அட்டப்பாடியில். படம் வருவதற்கு முன்பே அதன் பாட்டு ஒன்று எல்லா செல்போனிலும் ஓடியது. 'களக்காத்த' என்று தொடங்கும். 'கிழக்கே' என்று அர்த்தம். பாடியவர் நஞ்சியம்மா. அறுபதை ஒட்டிய வயது, நெற்றியில் பொட்டு, கேமராவைப் பற்றிய கவலையே இல்லாத ஒரு சிரிப்பு. ஆடுமாடு மேய்த்தவர்.

அந்தப் பாட்டை யாரும் அவருக்கு எழுதிக் கொடுக்கவில்லை. அவரே கட்டியது. கிழக்கே சந்தன மரம் பூத்திருக்கிறது என்று போகும், நடுவில் ஒரு விமானமும் வரும். குழந்தைக்குச் சோறு ஊட்டும்போது வேடிக்கை காட்டப் பாடுகிற ஜாதி. நாம் நிலாவைக் காட்டுவோம், காக்காவைக் காட்டுவோம். மலைக்கு மேலே விமானம் போனால் அதையும் காட்ட வேண்டியதுதானே? பழங்குடிப் பாட்டென்றால் ஆயிரம் வருடத்துக்கு முந்தையதாகவே இருக்க வேண்டும் என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். அந்த விமானம் எனக்கு ரொம்பப் பிடித்தது. அன்றைக்குக் கண்ணில் பட்டதையெல்லாம் உள்ளே இழுத்துக்கொள்கிற பாட்டு, உயிரோடு இருக்கிற பாட்டு.

பதிவின்போது எடுத்த ஒரு காணொளி அப்போது பரவியது. பிருத்விராஜைத் தெரியுமா, பிஜு மேனோனைத் தெரியுமா என்று அவரிடம் கேட்கிறார்கள். தெரியாது என்று சிரிக்கிறார். எல்லாரும் அதைப் பார்த்து 'என்ன வெள்ளந்தி!' என்று உருகினோம். எனக்கு அப்போது தோன்றவில்லை, பிறகுதான் தோன்றியது: அவருக்கு இவர்களைத் தெரியாதது செய்தியாகிவிட்டது. இத்தனை வருடம் இவர்கள் யாருக்கும் அவரைத் தெரியாதது செய்தியாகவில்லையே.

அவர் ஒன்றும் திடீரென்று மலையிலிருந்து இறங்கி வந்து பாடியவரல்ல. அட்டப்பாடியில் ஆசாத் கலா சங்கம் என்றொரு கலைக்குழு இருக்கிறது. பழனிசாமி என்கிற பழங்குடிக் கலைஞர் நடத்துவது. அந்தப் படத்திலும் அவர் ஒரு சின்ன வேடத்தில் வருகிறார். அந்தக் குழுவோடு ஊர் ஊராகப் போய்ப் பாடியவர் நஞ்சியம்மா. ஆவணப்படத்தில் பாடியிருக்கிறார். சினிமா வந்தது கடைசியில்தான்.

படத்தின் இயக்குநர் சச்சி, அந்த வெற்றியை முழுசாக அனுபவிக்கக்கூட இல்லை. 2020 ஜூனில் காலமாகிவிட்டார். இரண்டு வருடம் கழித்து, 2022 ஜூலை 22 அன்று 68வது தேசியத் திரைப்பட விருதுகளை அறிவித்தார்கள். நம் ஊரில் எல்லாரும் 'சூரரைப் போற்று'வைக் கொண்டாடிக்கொண்டிருந்த அதே பட்டியல். சிறந்த இயக்குநர் சச்சி. சிறந்த பின்னணிப் பாடகி நஞ்சியம்மா. செப்டம்பர் 30 அன்று டெல்லியில் விருதைக் கொடுத்தவர் குடியரசுத் தலைவர் திரௌபதி முர்மு. சந்தாலிப் பெண்ணின் கையிலிருந்து இருளப் பெண்ணின் கைக்கு. அரங்கம் எழுந்து நின்று கைதட்டியதை டி.வி.யில் பார்த்தபோது, கையில் இருந்த கரண்டியோடு நானும் எழுந்து நின்றிருக்கிறேன். எங்கள் வீட்டுக்காரர் இன்னமும் அதைச் சொல்லிச் சிரிப்பார்.

விருது அறிவித்த கையோடு ஒரு சண்டையும் வந்தது. கேரளத்து இசைக்கலைஞர் ஒருவர் கேட்டார்: இசைக்காகவே வாழ்க்கையைக் கொடுத்து, தினமும் சாதகம் செய்து, குரலைக் காப்பாற்றி வைத்திருப்பவர்களை விட்டுவிட்டு இவருக்குக் கொடுப்பது சரியா? கட்டையைச் சொல்லி, சுருதி சேர்த்து, ஒரு சாதாரணப் பாட்டைக் கொடுத்தால் இவரால் பாட முடியுமா? உடனே பல பாடகர்களும் இசையமைப்பாளர்களும் நஞ்சியம்மாவுக்காகப் பேசினார்கள். மனசிலிருந்து பாடுகிறார், அதற்கு மேல் என்ன பயிற்சி என்றார்கள்.

உண்மையைச் சொன்னால், ஆதரவாகப் பேசியதிலும் எனக்கு முழுத் திருப்தி இல்லை. 'பயிற்சியே இல்லாமல் பாடினார்' என்பதை இருதரப்பும் ஒத்துக்கொண்டுதான் சண்டை போட்டார்கள். யார் சொன்னது பயிற்சி இல்லை என்று? விதைக்கும்போது பாட்டு, களை எடுக்கும்போது பாட்டு, குழந்தை பிறந்தால், பெண் பெரியவளானால், கல்யாணத்தில் பாட்டு. இருளர்களுக்குச் சாவிலும் பாட்டும் ஆட்டமும் உண்டு. ராத்திரி முழுக்கக் கொகால் ஊதி, பொறை அடித்து, வட்டமாக ஆடி அனுப்பிவைப்பார்கள். கொகால் நாதஸ்வரத்தின் சின்னத் தம்பி மாதிரி இருக்கும் ஊதுகுழல். பொறை தோல் வாத்தியம். இப்படி ஒரு ஊரில் அறுபது வருடம் வாழ்ந்தவர், சபாவில் உட்கார்ந்து சாதகம் செய்தவரைவிடக் குறைவாகவா பாடியிருப்பார்? பாடத்திட்டம் வேறே, அவ்வளவுதான். நஞ்சியம்மா அந்தப் பேச்சை மனதில் வைத்துக்கொள்ளவில்லை. அது அவருடைய பெருந்தன்மை. எனக்கு அவ்வளவு இல்லை.

சரி, அந்தப் பாட்டு என்ன மொழி? மலையாளப் படம், ஆனால் மலையாளம் இல்லை. நம்மில் நிறையப் பேர் 'தமிழ் மாதிரி இருக்குதே, பாதி புரியுதே' என்றோம். அது இருள மொழி. தமிழுக்கு ரொம்ப நெருக்கம், ஆனாலும் தனி மொழி என்பது அதை ஆராய்ந்தவர்களின் முடிவு. தமிழறிஞர் என்று நாம் கொண்டாடுகிற செக் நாட்டுக்காரர் கமில் சுவெலபில், இருள மொழியைப் பற்றி மட்டும் 1973, 1979, 1982 என்று மூன்று பாகமாக எழுதியிருக்கிறார். பிராகா எங்கே, ஆனைகட்டி எங்கே! காந்திபுரத்தில் பஸ் ஏறினால் ஒன்றரை மணி நேரத்தில் போய்விடலாம் நாம்.

இருளர் என்றதும் 'ஜெய் பீம்' செங்கேணியும், பாம்பு பிடிக்கிறவர்களும்தான் நிறையப் பேருக்கு ஞாபகம் வரும். அவர்கள் வட மாவட்டத்து இருளர்கள், பேசுவது தமிழ். நான் சொல்வது நீலகிரிச் சரிவிலும் கோவை மலைகளிலும் அட்டப்பாடியிலும் இருக்கிற இருளர்கள். ஒரே பெயர், ஆனால் வாழ்க்கை வேறே, பேச்சு வேறே.

இந்த மொழிக்குத் தனி எழுத்து கிடையாது. தமிழ்நாட்டுப் பக்கம் இருக்கிற பிள்ளைகள் தமிழில் படிக்கிறார்கள். ஆற்றைத் தாண்டினால் அத்தை பிள்ளைகள் மலையாளத்தில் படிக்கிறார்கள். ஒரே பாட்டிக்குப் பிறந்த இரண்டு பேத்திகள் கடிதம் எழுதிக்கொள்ள வேண்டுமென்றால் ஒருவர் எழுத்து மற்றவருக்குத் தெரியாது. எல்லைக்கோடு போட்டபோது யாரும் பாட்டிகளைக் கேட்கவில்லை. எண்ணிக்கையிலும் இதே சங்கடம். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இருள மொழியைத் தாய்மொழி என்று சொன்னவர்கள் ஏறத்தாழ 12 ஆயிரம் பேர். அந்த எண்ணிக்கையும் தனியாக நிற்கவில்லை, 'தமிழ்' என்ற பெரிய தலைப்புக்குக் கீழே ஒரு வரியாகப் போய்விட்டது. ஏழு கோடிக்குள் 12 ஆயிரத்தைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும்.

நம் பேச்சே என்ன கதியில் இருக்கிறது? எங்கள் அமுச்சி வாயில் 'பொழுதோட வா' என்றால் சாயங்காலம் வா என்று அர்த்தம். பண்டிகைக்கு நோம்பி. தட்டுக்கு வட்டல். வீட்டுக்குப் பின்னால் பொடக்காலி. இரண்டு தோட்டத்துக்கு நடுவே வேலி ஓரமாகப் போகிற வண்டிப்பாதைக்கு இட்டேரி. போன மாதம் என் பேரன் "இட்டேரின்னா என்ன பாட்டி, இட்லி மாதிரியா?" என்று கேட்டான். சிரித்துவிட்டேன், அப்புறம் சிரிப்பு வரவில்லை. இட்டேரியே போய் தார் ரோடு வந்துவிட்ட பிறகு அந்தச் சொல்லை எங்கே நிறுத்தி வைப்பது? நல்லவேளை, பெருமாள்முருகன் 2000-லேயே 'கொங்கு வட்டாரச் சொல்லகராதி' போட்டுவிட்டார். அதற்கும் முன்னால் 1942-ல் ஆர்.சண்முகசுந்தரம் 'நாகம்மாள்' நாவலில் நம் பேச்சை அப்படியே புத்தகத்தில் ஏற்றிவிட்டார். நமக்கு அச்சு இருக்கிறது, அகராதி இருக்கிறது, சினிமாவில் கோவை சரளா இருக்கிறார். அத்தனை இருந்தும் பேரனுக்கு இட்டேரி தெரியவில்லை. எதுவுமே இல்லாத ஒரு மொழிக்கு ஒரு பாட்டி பாடுவது எவ்வளவு பெரிய காரியம்!

இன்னொன்று சொல்ல வேண்டும், கோபித்துக்கொள்ளாதீர்கள். நம் மேட்டுப்பாளையம் பக்கத்து பத்ரப்பன் ஐயாவுக்கு வள்ளி ஒயில் கும்மிக்காக 2024-ல் பத்மஸ்ரீ அறிவித்தார்கள். அப்போது அவருக்கு 87 வயது. ஆண்கள் மட்டும் ஆடிக்கொண்டிருந்ததைப் பெண்களுக்கும் கற்றுக்கொடுத்தவர். இன்றைக்குக் கொங்கு நாட்டில் சலங்கை கட்டாத ஊர் இல்லை. என் தம்பி மனைவி ஐம்பத்து மூன்று வயதில் அரங்கேற்றம் பண்ணினாள். நானே போய் விசில் அடித்தேன். அருமையான விஷயம். அந்தக் கும்மியில் நாம் பாடுவது யார் கதை? தினைப்புனம் காத்த மலைப்பெண் கதை. வேடர் வீட்டில் வளர்ந்தவளை முருகன் வேலனாக வந்து, வேங்கை மரமாக நின்று, கிழவனாக நடித்துக் கட்டிக்கொண்டு போன கதை. அதே கும்மி மேடை ஒன்றில், சொந்தச் சாதிக்குள்தான் கல்யாணம் பண்ணிக்கொள்வோம் என்று பெண்பிள்ளைகளை உறுதிமொழி எடுக்கவைத்த காணொளி வெளியாகிப் பெரிய சர்ச்சையானது. வள்ளி கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பாளோ. தினை விதைக்கிற, தினைக்குக் காவல் இருக்கிற பெண்கள் இப்போதும் அந்த மலையில் இருக்கிறார்கள். நாம் அவர்களைப் பற்றிப் பாடுகிறோம், அவர்கள் பாடினால் 'இது என்ன பாஷை' என்கிறோம்.

விதைப்பு என்றதும் ஞாபகம் வருகிறது. இருள ஊர்களில் பொறுப்புகள் இருக்கும். ஊர்த் தலைவர் மூப்பன். அவருக்குத் துணையாகக் குறுதலை, பண்டாரி. நாலாவதாக மண்ணுக்காரன். மண்ணைப் பார்த்து, எப்போது விதைக்கலாம் என்று சொல்லி, முதல் விதை போடுகிறவர். அட்டப்பாடியில் கம்பளம் என்று விதைப்பை ஒட்டி ஒரு கொண்டாட்டம் உண்டு. கொகால் ஊதப் பொறை அடிக்க ஊரே சேர்ந்து நிலத்தில் இறங்கும். ராகி, சாமை, தினை, துவரை, அவரை எல்லாம் ஒரே காட்டில். மண்ணுக்காரன் என்று ஒரு பதவியை வைத்திருக்கிற மொழிக்கு மண் போய்விட்டால் என்ன ஆகும்?

போய்க்கொண்டுதான் இருக்கிறது. 1951-ல் அட்டப்பாடியில் பத்துப் பேரில் ஒன்பது பேர் பழங்குடிகள். இன்றைக்குப் பாதிக்கும் கீழே. கீழ்நாட்டிலிருந்து கேரளத்துக்காரர்களும் போனார்கள், நம் கொங்கு நாட்டிலிருந்தும் போனார்கள். அதை மறைக்கக் கூடாது. கைமாறிய பழங்குடி நிலத்தைத் திருப்பித் தரவேண்டும் என்று கேரளத்தில் 1975-லேயே சட்டம் போட்டார்கள். சட்டம் போட்ட வருடத்தில் பிறந்தவர்களுக்கு இப்போது பேரப்பிள்ளைகள் இருக்கும். தேசிய விருது வாங்கிய நஞ்சியம்மாவே கணவர் வீட்டு நிலத்துக்காக அதிகாரிகள் வாசலில் நின்றதைப் பத்திரிகைகள் எழுதின. டெல்லியில் எழுந்து நின்று கைதட்டுவது சுலபம். ஒரு பட்டா விஷயத்தில் உட்கார்ந்து கோப்பைப் படிப்பதுதான் கஷ்டம் போலிருக்கிறது.

கொஞ்சம் தூரமாகப் போய்விட்டு வருகிறேன். கனடாவில் பெரிய ஏரிகளைச் சுற்றி அனிஷினாபே என்றொரு பூர்வகுடி. அவர்களில் பாசில் ஜான்ஸ்டன் என்றொரு எழுத்தாளர், 1929-ல் பிறந்தவர். பத்து வயதில் அவரை வீட்டிலிருந்து பிரித்து, பாதிரியார்கள் நடத்திய விடுதிப் பள்ளியில் கொண்டுபோய் விட்டார்கள். அந்தக் காலத்து அரசாங்கத் திட்டமே அதுதான்: பிள்ளையைப் பெற்றோரிடமிருந்து பிரி, பாஷையை மறக்கவை. இப்படிப்பட்ட பள்ளிகளில் தாய்மொழியில் பேசினதற்கு அடி வாங்கிய பிள்ளைகள் ஏராளம். ஜான்ஸ்டன் மறக்கவில்லை. வளர்ந்து, டொரண்டோவில் பெரிய அருங்காட்சியகத்தில் வேலைக்குச் சேர்ந்து, தன் மக்களின் கதைகளைப் புத்தகம் புத்தகமாக எழுதினார். மொழியைக் கற்றுக்கொடுத்தார். அதற்கான பாடங்களும் சொற்பட்டியல்களும் செய்தார். 2015-ல் சாகும்வரை அதே வேலை. கனடா அரசாங்கம் அந்தப் பள்ளிகளுக்காக 2008-ல் நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டது.

இதைப் படித்தபோது 'அடப்பாவிகளா' என்றுதான் முதலில் நினைத்தேன். அடுத்த நிமிஷம் என் ஞாபகம் ஆனைகட்டிக்குப் போய்விட்டது. கடைசியில் சொல்கிறேன் என்றேனே, அது இதுதான்.

தொண்ணூறுகளில் மூன்று வருடம் அந்தப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் வேலை பார்த்தேன். தினமும் கணுவாய், தடாகம், மாங்கரை என்று பஸ்ஸில் போவேன். செங்கல் சூளைகள் புகைந்துகொண்டிருந்த காலம். என் வகுப்பில் ஏழெட்டு இருளப் பிள்ளைகள். அதில் ஒரு பெண், வாயே திறக்காது. ஒருநாள் மிருகங்கள் படம் காட்டிப் பெயர் கேட்டுக்கொண்டிருந்தேன். கரடி படம் வந்ததும் அந்தப் பெண் சட்டென்று எழுந்து நின்று ஒரு வார்த்தை சொன்னாள். முதல் தடவையாக, சத்தமாக, முகமெல்லாம் வெளிச்சமாக. கரடியை நேரில் பார்த்த குழந்தை அவள். என்னையும் சேர்த்து அந்த அறையில் வேறு யாரும் பார்த்திருக்க மாட்டோம். நான் சொன்னேன்: "தப்பு. கரடி. எங்கே, ஒழுங்காச் சொல்லு." மற்ற பிள்ளைகள் சிரித்தன. அவள் 'கரடி' என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தாள். அந்த வருடம் முழுக்க அப்புறம் அவளாக எழுந்து நிற்கவேயில்லை. அடுத்த வருடம் பள்ளிக்கு வரவில்லை.

நான் அடிக்கவில்லை, திட்டவில்லை. பாடத்திட்டப்படி நடந்தேன். நல்ல டீச்சர் என்று பெயர் வாங்கித்தான் மாற்றலாகி வந்தேன். அந்த வகுப்பில் அவள் பாஷை தெரிந்த பெரியவர் ஒருவர் இருந்திருந்தால் போதும், கரடிக்கு இரண்டு பெயர் என்று கரும்பலகையில் பக்கத்தில் பக்கத்தில் எழுதியிருப்பார். கேரளத்தில் 2017-ல் வயநாட்டில் 'கோத்திரபந்து' என்று ஒரு திட்டம் ஆரம்பித்தார்கள். பழங்குடிச் சமூகத்திலேயே படித்தவர்களைத் துணை ஆசிரியர்களாகப் போட்டு, சின்ன வகுப்புப் பிள்ளைகளோடு அவர்கள் பேச்சிலேயே பேச வைக்கிற திட்டம். செலவு அதிகமில்லாத, ரொம்பச் சாதாரணமான யோசனை. எனக்கு அப்போது தோன்றவில்லை.

'களக்காத்த' பாட்டை முதல் தடவை கேட்டபோது எனக்கு சந்தன மரமும் விமானமும் ஞாபகம் வரவில்லை. எழுந்து நின்ற அந்தப் பெண்ணின் முகம்தான் வந்தது. நஞ்சியம்மாவை யாரோ ஒரு டீச்சர் சின்ன வயதில் 'ஒழுங்காச் சொல்லு' என்று உட்கார வைத்திருந்தால்?

போன தை மாதம் ஆனைகட்டிக்குப் போனேன், பழைய சிநேகிதி வீட்டு விசேஷத்துக்கு. திரும்பி வர பஸ்ஸுக்கு நின்றுகொண்டிருந்தேன். ரோட்டோரம் நெல்லிக்காயும் தேனும் வைத்து விற்றுக்கொண்டிருந்த பெண் என்னையே பார்த்தாள். நாற்பதுக்கு மேல் வயது. "டீச்சருங்களா?" என்றாள். எனக்கு அடையாளம் தெரியவில்லை. ஊரையும் பெயரையும் சொன்ன பிறகு தெரிந்தது. கையைப் பிடித்துக்கொண்டேன். பெரியவள் நர்சிங் படிக்கிறாளாம். சின்னவன் பக்கத்தில் உட்கார்ந்து போனில் ஏதோ பார்த்துக்கொண்டிருந்தான். அவனிடம் அவள் அவர்கள் பாஷையில் ஏதோ சொன்னாள். அவன் தமிழில் பதில் சொன்னான்.

எனக்குத் தொண்டை அடைத்தது. முப்பது வருடமாக உள்ளே கிடந்ததைக் கேட்டேவிட்டேன். "கண்ணு, அன்னைக்கு கரடி படத்தப் பாத்து ஒண்ணு சொன்னியே, உங்க பேச்சுல. அது என்ன வார்த்த?"

அவளுக்கு அந்த நாளே ஞாபகமில்லை. ஞாபகமில்லை என்று சொல்லிவிட்டு, என் முகத்தைப் பார்த்து, பிறகு அந்தச் சொல்லைச் சொன்னாள். பையிலிருந்து பேனாவை எடுத்து, பத்திரிகை ஓரத்தில் எழுதிக்கொள்ளப் பார்த்தேன். நடுவில் ஒரு உயிரெழுத்து வருகிறது. இகரமும் இல்லை, உகரமும் இல்லை, இரண்டுக்கும் நடுவே எங்கேயோ. நம் எழுத்தில் அதற்கு இடமில்லை. மூன்று தடவை அடித்து அடித்து எழுதினேன். சரி, வாயிலாவது வரட்டும் என்று சொல்லிப் பார்த்தேன்.

பையன் போனிலிருந்து தலையைத் தூக்கி என்னைப் பார்த்துச் சிரித்தான். அவளும் சிரித்துவிட்டாள், வாயைப் பொத்திக்கொண்டு.

"அப்படி இல்லீங்க டீச்சர்" என்றாள். "இன்னொருக்கா சொல்லுங்க."